இருபது ரூபாயும் மறந்துபோன நிபந்தனையும்

இந்தியாவின் முதல் அதிகாரபூர்வ வறுமைக் கோடு 1962இல் பிறந்தது. அந்த ஆண்டு ஜூலையில் திட்டக் குழு ஒரு பணிக்குழுவைக் கூட்டியது. டி.ஆர். காட்கில், வி.கே.ஆர்.வி. ராவ், பி.என். கங்குலி போன்ற பொருளியலாளர்கள் அதில் இருந்தார்கள். சோஷலிஸ்டான அசோக் மேத்தா, சுதந்திராக் கட்சியின் மினூ மசானி, காந்தியவாதியான ஸ்ரீமன் நாராயண் ஆகியோரும் இருந்தார்கள். வேறு எந்த விஷயத்திலும் ஒத்துப்போகாத இவர்கள் ஒரு தொகையில் ஒத்துப்போனார்கள். 1960–61ஆம் ஆண்டு விலையில், ஐந்து பேர் கொண்ட குடும்பத்துக்கு மாதம் 100 ரூபாய்க்குக் குறையாத செலவு இருக்க வேண்டும். தலைக்கு 20 ரூபாய். நகரத்தில் விலை அதிகம் என்பதால் அங்கே 25 ரூபாய். இந்த எண் பாடப் புத்தகங்களில் ஏறிவிட்டது. ஆனால் எண்ணோடு சேர்த்து அவர்கள் எழுதிய நிபந்தனை ஏறவில்லை. மருத்துவச் செலவும் கல்விச் செலவும் இந்த 20 ரூபாயில் சேராது, அவற்றை அரசமைப்புச் சட்டத்தின்படி அரசே தரும் என்பதுதான் அந்த நிபந்தனை. நகர்ப்புற ஏழைகளின் வீட்டு வாடகையிலும் ஒரு பகுதியை அரசு மானியமாகத் தாங்க வேண்டும் என்று அவர்கள் எதிர்பார்த்தார்கள். பின்வந்த அரை நூற்றாண்டில் இந்தியா வறுமையை அளந்த வரலாறு, இந்த எண் நிலைத்து நிபந்தனை உதிர்ந்துபோன வரலாறு. இத்தனை நிபுணர் குழுக்கள் கூடியும் வறுமைக் கோடு மக்களின் நம்பிக்கையைப் பெறாததற்கு அதுவே முதற்காரணம் என்பது என் வாதம்.

இதற்கு முன்னோடி தாதாபாய் நௌரோஜியின் கணக்கு. 1867–68ஆம் ஆண்டு விலையில், கப்பலேறிப் போகும் கூலித் தொழிலாளர்களுக்கு அரசு மருத்துவ ஆய்வாளர் வகுத்திருந்த உணவுப் பட்டியலை எடுத்துக்கொண்டு, ஓர் இந்தியர் உயிர்வாழ ஆண்டுக்கு மாகாணத்தைப் பொறுத்து 16 முதல் 35 ரூபாய் வரை தேவை என்றார் அவர். சராசரி வருமானமோ 20 ரூபாய். சிறைக் கைதியின் உணவுக்கும் உடைக்கும் அரசே செலவிடும் தொகை, சிறைக்கு வெளியே இருப்பவரின் சராசரி வருமானத்தைவிட அதிகம் என்றும் காட்டினார். அது ஓர் ஆட்சியின் மீது வெளியிலிருந்து சுமத்தப்பட்ட குற்றச்சாட்டு. 1938இல் நேரு தலைமையில் காங்கிரஸ் அமைத்த தேசியத் திட்டக் கமிட்டி தலைக்கு மாதம் 15 முதல் 20 ரூபாய் என்று சொன்னபோது, அது வரப்போகும் ஆட்சிக்கான இலக்கு. 1962இல்தான் முதல்முறையாக ஓர் அரசு தன் குடிமக்களுக்குத் தான் உறுதி செய்ய வேண்டிய குறைந்தபட்சம் இது என்று தன்மேலேயே ஒரு தொகையை விதித்துக்கொண்டது. எத்தனை பேர் ஏழைகள் என்று எண்ணுவதற்காக அந்த 20 ரூபாய் வகுக்கப்படவில்லை. அதை எல்லாருக்கும் எட்டச் செய்யப் பொருளாதாரம் எவ்வளவு வளர வேண்டும் என்று திட்டமிடவே வகுக்கப்பட்டது.

திட்டக் குழுவில் நெடுநோக்குத் திட்டப் பிரிவின் தலைவராக இருந்த பீதாம்பர் பந்த் அந்தக் கணக்கைப் போட்டார். 1961 முதல் 1976 வரையிலான பதினைந்து ஆண்டுகளுக்கான அவரது ஆவணம், இந்திய நிர்வாகம் எழுதிய நேர்மையான தாள்களில் ஒன்று. அதில் ஒரு கசப்பான ஒப்புதல் இருக்கிறது: மக்கள்தொகையின் அடிமட்டத்து ஐந்தில் ஒரு பங்கினரை வளர்ச்சி தானாகப் போய்ச் சேராது, அவர்களுக்கு நேரடியாக ஏதாவது செய்தாக வேண்டும். எனவே அவருடைய இலக்கே, கீழிருந்து மூன்றாவது பத்து சதவீதத்தினர் 1975–76இல் 20 ரூபாயை எட்ட வேண்டும் என்பதுதான். அதற்கும் கீழே இருந்தவர்களுக்கான தனி ஏற்பாடு திட்டங்களில் உருப்பெறுவதற்குள் காலம் கடந்தது. இடையில், 1963 ஆகஸ்டில் ராம் மனோகர் லோகியா மக்களவையில் எழுந்து, 27 கோடி இந்தியர் நாளொன்றுக்கு மூன்றணாவில் வாழ்கிறார்கள் என்றார். இல்லை, பதினைந்தணா என்று அரசுத் தரப்பு மறுத்தது. அரசு சொன்னது நாட்டின் மொத்த வருமானத்தைத் தலைகளால் வகுத்த சராசரி. லோகியா சொன்னது அடித்தட்டில் இருந்த பெரும்பான்மையின் பங்கு. மூன்றணா சற்றுக் குறைத்த மதிப்பீடாகவே இருந்திருக்கலாம். ஆனால் சராசரியைக் காட்டி வறுமை பற்றிய கேள்விக்குப் பதில் சொல்ல முடியாது என்பது அன்று அவையில் நிலைநாட்டப்பட்டது. செலவு எப்படிப் பங்கிடப்பட்டிருக்கிறது என்பதைக் காட்டும் தேசிய மாதிரி ஆய்வின் அட்டவணைகள் அரசியல் விவாதத்துக்குள் வந்ததில் அந்த விவாதத்துக்குப் பெரும் பங்கு உண்டு.

1971 ஜனவரியில், புணே கோகலே நிறுவனத்தின் வி.எம். தாண்டேகரும் நீலகண்ட ரத்தும் எழுதிய ‘இந்தியாவில் வறுமை’ என்ற ஆய்வு வெளிவந்தது. 20 ரூபாய்க்கு என்ன ஆதாரம் என்று அவர்கள் கேட்டார்கள், நியாயமான கேள்வி. அந்த எண் எப்படி வந்தது என்று பணிக்குழு விளக்கியிருக்கவில்லை. அதற்கு மாற்றாக அவர்கள் கலோரியைக் கொண்டுவந்தார்கள். ஒருவருக்கு நாளொன்றுக்கு 2,250 கலோரி தேவை என்று வைத்துக்கொண்டு, மாதிரி ஆய்வில் எந்தச் செலவு மட்டத்தில் இருக்கும் குடும்பங்கள் சராசரியாக அந்த அளவு உண்கின்றன என்று தேடினார்கள். கிராமத்தில் மாதம் சுமார் 15 ரூபாயிலும், நகரத்தில் சுமார் 22 ரூபாய் 50 காசிலும் அது கிடைத்தது. இந்த முறையை நின்று கவனிக்க வேண்டும். அந்த 15 ரூபாயும் உணவுக்கு மட்டுமானதல்ல. அதற்குள் விறகு, துணி, மருந்து, பேருந்துக் கட்டணம் எல்லாம் உண்டு. ஆனால் அவை எவ்வளவு தேவை என்று யாரும் கணக்கிடவில்லை. போதுமான சோறு உண்ணும் அந்தக் குடும்பம் தற்செயலாக மருந்துக்கு என்ன செலவழித்ததோ, அதுவே கோட்டுக்குள் அப்படியே வந்து அமர்ந்துகொண்டது. மருத்துவமனைக்குப் போக வசதியில்லாமல் காய்ச்சலை வீட்டிலேயே கழித்த குடும்பத்தின் மருத்துவச் செலவு பூஜ்யமாகப் பதிவாகும்; அந்தப் பூஜ்யமும் கோட்டின் ஓர் அங்கமாகும். 1962இல் ‘மருத்துவமும் கல்வியும் அரசு தரும்’ என்று எழுதி வைத்திருந்த இடம் இப்போது வெற்றிடமானது. வாக்குறுதி நிறைவேறியதா என்று சரிபார்க்கும் வழி அளவைக்குள் இல்லாமல் போனது.

தாண்டேகர், ரத் இருவர்மீதும் குறைசொல்வது என் நோக்கமல்ல. இருந்த தரவில் அதைவிடத் தெளிவாகச் செய்ய அன்று யாராலும் முடிந்திருக்காது. வேலைவாய்ப்புத் திட்டங்களுக்கான அவர்களுடைய பரிந்துரை பின்னாளில் பலன் தந்தது. அதே காலத்தில் பி.எஸ். மின்ஹாஸ் அறுபதுகளில் கிராமப்புற வறுமை குறைந்ததாகவும், பிரணாப் பர்தன் 38 சதவீதத்திலிருந்து 54 சதவீதமாக ஏறியதாகவும் கணக்கிட்டார்கள். இருவருமே மதிக்கத்தக்க ஆய்வாளர்கள். வேறுபாட்டில் பெரும் பகுதி, விலை ஏற்றத்தை எந்தக் குறியீட்டால் கழிப்பது என்பதில் இருந்தது. நாட்டின் பொது விலைமட்டத்தைக் கொண்டு கழித்தால் ஒரு விடை, விவசாயத் தொழிலாளர்கள் வாங்கும் பொருள்களின் விலையைக் கொண்டு கழித்தால் நேரெதிர் விடை.

1979இல் ஒய்.கே. அலாக் தலைமையிலான செயற்குழு கலோரி முறையை அரசின் முறையாக்கியது. கிராமத்துக்கு 2,400 கலோரி, நகரத்துக்கு 2,100. 1973–74ஆம் ஆண்டு விலையில் அதற்கான செலவு முறையே 49 ரூபாய் 9 காசு, 56 ரூபாய் 64 காசு. அதன் பிறகு 1993இல் லக்டாவாலா குழு மாநிலவாரியாகக் கோடுகளைப் பிரித்ததே தவிர, 1973–74இன் நுகர்வுக் கூடையை மாற்றவில்லை. விலைக் குறியீட்டால் பெருக்கிக்கொண்டே வந்தது. பெருக்கப் பெருக்க, கோடு தன் கலோரி அடித்தளத்திலிருந்தே நழுவியது. 2004–05 வாக்கில் கிராமப்புறக் கோட்டுச் செலவைக்கொண்டு 2,400 கலோரி வாங்க முடியாது என்பதை உத்சா பட்நாயக் போன்றோர் விடாமல் எடுத்துக்காட்டினார்கள். காரணம் எளிது. 1973–74இல் கிராமத்துக் குடும்பம் விறகைப் பொறுக்கிக்கொண்டது, பொதுநிலத்தில் மாட்டை மேய்த்தது, பள்ளிக்கும் பேருந்துக்கும் பெரிதாகச் செலவழிக்கவில்லை. முப்பது ஆண்டுகளில் இவை ஒவ்வொன்றும் காசு கேட்கும் செலவுகளாயின. பழைய கூடையை விலையால் மட்டும் பெருக்கினால், புதிதாக வந்து சேர்ந்த செலவுகளுக்கு அதில் இடமே இருக்காது.

இதற்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு. கலோரி குறைந்ததற்கு வறுமை மட்டுமே காரணமல்ல. ஏற்றம் இறைப்பதும் நெல் குத்துவதும் குறைந்ததால் உடலுழைப்பும் குறைந்தது, எனவே தேவையும் குறைந்தது என்பார்கள். ஆங்கஸ் டீட்டனும் ஜான் டிரேஸும் 2009இல் இதைத் தரவோடு விவாதித்தார்கள். கிராமப்புறத்தில் 1983இல் தலைக்கு 2,240ஆக இருந்த சராசரி கலோரி 2004–05இல் 2,047ஆகக் குறைந்தது. வசதியானவர்களிடமும் அது குறைந்தது. எனவே கலோரிச் சரிவை மட்டும் வைத்து வறுமை பெருகியது என்று சொல்ல முடியாது. இந்த மறுப்பை நான் ஏற்கிறேன். இன்னொன்று, பி.வி. சுகாத்மே அதற்கு வெகுமுன்பே சொன்னது: ஆளுக்கு ஆள், அதே ஆளுக்கே நாளுக்கு நாள் உணவுத் தேவை மாறும், ஒரே சராசரியைக் கோடாக வைத்தால் நன்றாக இருப்பவர் பலரையும் பட்டினிக்காரர் என்று எழுதிவிடுவோம். இதிலும் உண்மை இருக்கிறது. ஆனால் இந்த இரண்டு மறுப்புகளும் போய்ச் சேரும் இடத்தைப் பாருங்கள். உணவு ஒன்றைக்கொண்டு வறுமையை அளக்க முடியாது என்பதே இரண்டின் முடிவும். குழந்தை உண்ட சோறு உடம்பில் ஒட்டுமா, வயிற்றுப்போக்கில் போகுமா என்பதைக் குடிநீரும் கழிப்பறையும் தீர்மானிக்கின்றன. ஆக, மறுப்பாளர்களின் வாதமே நம்மை 1962இன் நிபந்தனைக்குத் திருப்பி அனுப்புகிறது.

கோட்டை எங்கே போடுவது என்ற விவாதத்துக்குப் பின்னால், செலவை எப்படிக் கேட்பது என்ற கேள்வி மறைந்திருக்கிறது. மாதிரி ஆய்வின் கணக்கெடுப்பாளர் வீட்டுக்கு வந்து, கடந்த முப்பது நாளில் அரிசி எவ்வளவு, பருப்பு எவ்வளவு, எண்ணெய் எவ்வளவு என்று கேட்பது ஐம்பதுகளிலிருந்து இருந்த வழக்கம். முப்பது நாளுக்கு முன் வாங்கிய வெங்காயத்தை யார் நினைவில் வைத்திருப்பார்கள்? தொண்ணூறுகளில் சோதனையாகச் சில குடும்பங்களிடம் உணவுப் பொருள்களுக்குக் கடந்த ஏழு நாள் கணக்கைக் கேட்டார்கள். பதிவான செலவு உயர்ந்தது. அதைக் கோட்டோடு வைத்துப் பார்த்தால் ஏழைகளின் எண்ணிக்கை ஏறக்குறையப் பாதியாகியது. 1999–2000 ஆய்வில் இரண்டையும் ஒரே படிவத்தில் பக்கத்துப் பக்கத்துக் கட்டங்களாக வைத்தார்கள். ஒரே ஆளிடம் ஒரே பொருளுக்கு இரண்டு கேள்வி கேட்டால் ஒரு விடை மற்றதை இழுக்கும், இழுத்தது. 1993–94இல் 36 சதவீதமாக இருந்த வறுமை 26.1 சதவீதமாகிவிட்டது என்று அரசு அறிவித்தது. அந்தச் சரிவில் எவ்வளவு நாட்டின் முன்னேற்றம், எவ்வளவு படிவத்தின் மாற்றம் என்று பிரித்தறிய உலகின் தலைசிறந்த புள்ளியியலாளர்கள் பல ஆண்டுகள் உழைக்க வேண்டியிருந்தது.

இவை நிபுணர்களின் சண்டையாக மட்டும் நின்றிருந்தால் ஏழைக்கு நேரடிக் கேடு இல்லை. 1997இல் அந்த எல்லை கடந்தது. பொது விநியோகத் திட்டத்தைக் கோட்டுக்கு மேலே, கோட்டுக்குக் கீழே என்று மத்திய அரசு இரண்டாகப் பிரித்தது. எண்ணுவதற்குப் போட்ட கோடு, ரேஷன் கடை வாசலில் யாரை உள்ளே விடுவது என்று தீர்மானிக்கும் கதவாகிவிட்டது. மாநிலத்துக்கு இத்தனை ஏழைகள்தான் என்று திட்டக் குழுவின் மதிப்பீடு சொல்லும். அந்த எண்ணிக்கைக்குள் அடங்குமாறு கிராமத்தில் ஆள்களைத் தேர்ந்தெடுக்க வேண்டும். 2002ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின் படிவத்தில் 13 கேள்விகள்; ஒவ்வொன்றுக்கும் பூஜ்யம் முதல் நான்கு வரை மதிப்பெண்; மொத்தம் 52. நிலம் எவ்வளவு, வீடு எப்படி, ஆண்டின் பெரும்பகுதி நாளுக்கு எத்தனை வேளை சாப்பாடு, தலைக்கு எத்தனை உடுப்பு என்றெல்லாம் கேட்டார்கள். இரண்டு உடுப்புக்குக் குறைவென்றால் பூஜ்யம், இரண்டு முதல் நான்குக்குள் என்றால் ஒன்று. மகளுக்கு ஒரு நல்ல பாவாடை வாங்கித் தந்த விதவைத் தாயின் மதிப்பெண் கூடும்; கூடினால் அட்டை போகும். பின்னர் வந்த ஆய்வுகள், கிராமப்புற ஏழைகளில் ஏறக்குறையப் பாதிப் பேரிடம் வறுமைக் கோட்டு அட்டையே இல்லை என்று காட்டின.

கைவசம் இருக்கும் பணம் சிறிது, அதைப் பரம ஏழைக்குக் கொடுப்பதுதானே நீதி, எல்லாருக்கும் கொடுத்தால் வசதியானவரும் வாங்கிக்கொள்வாரே என்று கேட்பவர்கள் உண்டு. கேள்வியில் நியாயம் இருக்கிறது. விடை அனுபவத்தில் இருக்கிறது. தமிழ்நாடு 1997இன் பிரிவினையை ஏற்கவில்லை. அரிசி அட்டை வைத்திருப்பவர் ஏழையா என்று இங்கே நியாயவிலைக் கடையில் யாரும் கேட்பதில்லை. 2011 ஜூன் முதல் அரிசி இலவசம். வசதியானவர் சிலர் வாங்கத்தான் செய்கிறார்கள். ஆனால் வரிசையில் குரல் உயர்த்தத் தெரிந்தவர்களும் நிற்பதால் கடை திறக்கிறது, எடை ஓரளவு சரியாக நிற்கிறது. கோட்டைக் கறாராகப் பிடித்த பல மாநிலங்களில் தானியம் வழியிலேயே வெளிச்சந்தைக்குப் போனது. வசதியானவருக்குப் போகும் சில கிலோ அரிசியைக் காட்டிலும், தவறாக விலக்கப்பட்ட ஒரு குடும்பத்தின் பட்டினி பெரிய பிழை. 2013இன் தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டம் கிராமத்தில் 75 சதவீதம், நகரத்தில் 50 சதவீதம் பேர் வரை உரிமை வழங்கி, ரேஷனை வறுமைக் கோட்டிலிருந்து பிரித்தெடுத்தது. தமிழ்நாடு பிடிவாதமாக நின்ற வழி தவறல்ல என்பதற்கு அதைவிடச் சான்று வேண்டியதில்லை.

உதிர்ந்த நிபந்தனையை மீட்க அதிகாரபூர்வமாக முதலில் முயன்றவர் சுரேஷ் டெண்டுல்கர். அவரது குழு 2009இல் கலோரியைக் கைவிட்டு, கல்விக்கும் மருத்துவத்துக்கும் ஆகும் தனியார் செலவையும் கூடைக்குள் கொண்டுவந்தது. கிராமப்புற வறுமை குறைத்துக் காட்டப்பட்டுவந்தது அம்பலமாயிற்று: 2004–05க்கு 27.5 சதவீதம் என்றிருந்த நாட்டின் வறுமை 37.2 ஆயிற்று. ஆனாலும் குழு புதிதாக ஒரு குறைந்தபட்சத்தை வகுக்கவில்லை. ஏற்கெனவே இருந்த நகர்ப்புற மதிப்பீடான 25.7 சதவீதத்தை அதிகம் சர்ச்சைக்குள்ளாகாதது என்று எடுத்துக்கொண்டு, அங்கிருந்து கிராமத்துக்குக் கணக்கிட்டது. பழைய கோட்டின் கருமித்தனம் இதனால் புதிய கோட்டிலும் தங்கியது. 2011 செப்டம்பரில், உணவு உரிமை வழக்கில் திட்டக் குழு உச்ச நீதிமன்றத்தில் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்தபோது அது வெட்ட வெளிச்சமாயிற்று: நகரத்தில் நாளுக்கு 32 ரூபாய், கிராமத்தில் 26 ரூபாய். நாடு முழுவதும் கோபம் எழுந்தது. ஒரு நாள் உணவு, வாடகை, பேருந்து, மருந்து, நோட்டுப் புத்தகம் எல்லாவற்றையும் 32 ரூபாய்க்குள் அடக்கிப் பார்த்த எவருக்கும் வரக்கூடிய கோபம்தான் அது. பிறகு வந்த சி. ரங்கராஜன் குழு 2014இல் கலோரியோடு புரதமும் கொழுப்பும் சேர்த்துக் கணக்கிட்டு, கல்வி, உடை, வாடகை, போக்குவரத்துக்குச் செலவு வரிசையின் நடுவில் இருக்கும் குடும்பம் செலவிடும் அளவை வைத்து, 2011–12க்குக் கிராமத்தில் மாதம் 972 ரூபாய், நகரத்தில் 1,407 ரூபாய் என்றது. டெண்டுல்கர் முறையில் 21.9 சதவீதமாக இருந்த வறுமை இதில் 29.5 சதவீதம், ஏறத்தாழ 36 கோடிப் பேர். அரசு அதை ஏற்று அறிவிக்கவில்லை.

கோடு எங்கிருந்தாலும் போக்கு கீழ்நோக்கித்தானே இருக்கிறது, உயரத்தைப் பற்றி ஏன் இத்தனை சச்சரவு என்பது கடைசி மறுப்பு. போக்கு கீழ்நோக்கி இருப்பது உண்மை; எந்தக் கோட்டை எடுத்தாலும் 2004க்குப் பிறகு வறுமை வேகமாகக் குறைந்திருக்கிறது, அதை மறுப்பவர் தரவை மதிக்காதவர். உலக வங்கி 2025இல் சர்வதேசக் கோட்டை நாளுக்கு 3 டாலராக உயர்த்திய பிறகும், அதன்படி இந்தியாவில் 2022–23இல் அதீத வறுமை சுமார் 5 சதவீதமே. நிதி ஆயோக்கின் பல பரிமாண வறுமைக் குறியீடு 12 சுட்டிகளைக்கொண்டு, 2019–21இல் அத்தகைய வறுமை 15 சதவீதத்துக்குச் சற்றுக் கீழே வந்ததாகக் காட்டியது. ஆனால் போக்கு மட்டும் போதும் என்பவர் இரண்டைக் கவனிக்க வேண்டும். போக்கைச் சொல்லவே அளவுகோல் மாறாமல் இருக்க வேண்டும். 2017–18 நுகர்வு ஆய்வைத் தரம் போதாது என்று அரசு 2019இல் வெளியிடாமல் நிறுத்தியது, 2022–23 ஆய்வு வேறு முறையில் நடந்தது. இரண்டாவது, குறியீடு பள்ளியில் சேர்ந்ததை எண்ணும், அதற்காகக் குடும்பம் வாங்கிய கடனை எண்ணாது.

ஆகவே நாம் 1962இன் தாளுக்குப் போவது பழம்பெருமைக்காக அல்ல. பதினான்கு வயது வரை இலவசக் கல்வியைப் பத்தாண்டுகளுக்குள் தர முயல வேண்டும் என்றது அரசமைப்பின் 45ஆவது பிரிவு. பணிக்குழு கூடியபோதே அந்தக் கெடு இரண்டாண்டு கடந்திருந்தது. சட்டமாக அது நடைமுறைக்கு வந்தது 2010 ஏப்ரலில். மருத்துவச் செலவில் மக்கள் தம் கையிலிருந்து கொடுக்கும் பங்கு 2013–14இல் 64.2 சதவீதம், 2021–22இல் 39.4 சதவீதம். குறைந்திருக்கிறது, நல்லது. ஆயினும் அப்போதும் நாட்டின் மருத்துவச் செலவில் ஐந்தில் இரண்டு பங்கு நோயாளி வீட்டுப் பணம்தான். அரசு தருவதாகச் சொன்னதை எவ்வளவு தந்தது என்று முதலில் கணக்குக் காட்ட வேண்டும். தராத பங்கை ஏழையின் தேவையில் ரூபாயாகக் கூட்டிச் சேர்க்க வேண்டும். அப்படி வரும் கோட்டை எந்தக் குடும்பத்தையும் விலக்கப் பயன்படுத்தக் கூடாது. அடுத்து வரும் எந்த நிபுணர் குழுவையும் வாசகர்கள் இந்த மூன்றை வைத்து மதிப்பிட வேண்டுகிறேன்.